மேல்மாடத்துக்கு மூன்றாவது வணக்கம்

பாஸ்தோயி ஆர்மின் பதினேழு ஆப்பரெட்டாக்களுக்கு, அதாவது பாட்டும் வசனமும் கலந்த இசை நாடகங்களுக்கு, இசை எழுதினார். பதினான்கு ஊற்றிக்கொண்டன. இரண்டு ஓடின. மிச்சம் ஒன்று என் பெயரில் ஓடியது. இதைச் சொல்ல எனக்கு எந்த யோக்கியதையும் கிடையாது. ஆனால் சொல்லக்கூடிய மற்றவர்கள் செத்துவிட்டார்கள், அல்லது என் முகத்தில் விழிப்பதில்லை.

என் பெயர் கோச்சிஷ் வெந்தெல். புடாபெஸ்டில் சின்னக் கிரீடம் தியேட்டரில், மேடைக்கு முன்னால் இருக்கும் இசைக்குழியில், வயலினைவிடச் சற்றுப் பெரிய வியோலாவை இருபத்தேழு வருடம் வாசித்தவன். வயலின் வாசித்தால் பெண்கள் திரும்பிப் பார்ப்பார்கள், செல்லோ வாசித்தால் பெருமூச்சு விடுவார்கள். வியோலா வாசித்தால் குழுவுக்குள்ளேயே, 'நீ இன்னிக்கு வந்திருந்தியா?' என்று கேட்பார்கள். அந்த எரிச்சலில்தான் எனக்கு வாய் நீண்டது. அடுத்தவரைப் போல நடித்துக் காட்டுவதில் என்னை மிஞ்ச ஆள் இல்லை. நான் அதிகம் நடித்துக் காட்டியது ஆர்மினைத்தான்.

ஆர்மினின் இசையைவிட அவருடைய வணக்கம் ஊரில் பிரபலம். எங்கள் வழக்கம் இது: முதல் நாளும் ஐம்பதாவது நாளும் எழுதியவரே குழியில் நின்று கோல் பிடித்து நடத்துவார். இரண்டாம் அங்கத்தின் முடிவில் காதலர்கள் பிரிவார்கள். அழுது முடித்த ஜனம், "எழுதினவர் வரணும்! எழுதினவர் வரணும்!" என்று கத்தும். அவர் நான்கு படி ஏறி மேடைக்குப் போய் வணங்குவார். மற்றவர்கள் தலையை ஆட்டிவிட்டு இறங்கிவிடுவார்கள். ஆர்மின் அப்படி இல்லை. வலது கையை நெஞ்சில் வைப்பார், இடது கையால் கோட்டின் வாலைப் பின்னால் பிடித்துக்கொள்வார். முதலில் இடப்பக்கத்துக்கு ஒன்று, அப்புறம் வலப்பக்கத்துக்கு ஒன்று. மூன்றாவது மேல்மாடத்துக்கு, மலிவான சீட்டுக்காரர்களுக்கு. அதற்கு மட்டும் முதலில் முகத்தை நிமிர்த்திக் கண்ணை மூடிக்கொண்டு, ஒரு முழு மூச்சு நின்று, அப்புறம் குனிவார்.

பாயா ஊரில் அவருடைய அப்பா தலையணைக்கு வாத்து இறகு விற்றவர். ஒன்பது வயதில் ஆர்மின் அங்கே வந்த ஒரு நாடகக் கோஷ்டியை மேல்மாடத்திலிருந்து பார்த்திருக்கிறார். இசை ஒன்றும் மனதில் நிற்கவில்லையாம். எழுதியவர் வந்து குனிந்ததும், அவர் ஒரு தடவைகூட மேலே பார்க்காததும்தான் நின்றதாம். அடுத்த நாளிலிருந்து இறகுக் கிடங்கில் மூட்டைகளுக்கு முன்னால் பையன் வணங்கிப் பழகியிருக்கிறான். வணக்கத்தை முதலில் கற்றுக்கொண்டு, அதற்காக இசையை அப்புறம் கற்றவர் அவர். இதை அவரே எங்களிடம் சொன்னார். சொல்லியிருக்கக் கூடாது.

நாங்கள் மதியத்தில் கூடுவது பெலிகான் காபி விடுதியில். ஆர்மின் ஜன்னலோர மேசையில் ஒரு காபியை மூன்று மணி நேரம் குடித்துக்கொண்டு இசைக்குறிப்பு எழுதுவார். ஒரு நாள் சர்வர் கை தவறித் தட்டைப் போட்டான். பத்து கண்ணாடி டம்ளர் தரையில் நொறுங்கிய சத்தம் கைதட்டல் மாதிரியே இருந்தது. எனக்கு என்ன தோன்றியதோ, எழுந்து நின்று, "எழுதினவர் வரணும்!" என்று கத்தினேன். எழுத்தில் மூழ்கியிருந்த ஆர்மின் பாதி எழுந்துவிட்டார். வலது கை நெஞ்சுக்குப் போய்விட்டது, இடது கை கோட்டு வாலைத் தேடியது. விடுதியே விழுந்து புரண்டு சிரித்தது.

அதன்பிறகு பதினைந்து வருடம் அது எங்களுக்கு அன்றாட வேடிக்கை. ஸ்பூன் விழுந்தாலும் கத்துவோம். அவரும் எழுவார். சில நாள் முழுசாக மூன்று வணக்கமும் போட்டுவிட்டு உட்கார்ந்து, "இன்னிக்கு ஜனம் கொஞ்சம் கம்மி" என்பார். பழக்க தோஷத்தில் எழுந்தாரா, வேறு எங்கும் யாரும் கூப்பிடாததால் எழுந்தாரா, எனக்கு இன்றுவரை தெரியாது. அவர் உட்கார்ந்ததும் நான் எழுந்து அதையே நடித்துக் காட்டுவேன். ஒரு நாள் நான் மூன்றாவது வணக்கத்தில் கண்ணை மூடி நின்றபோது சிரிப்பு சட்டென்று நின்றது. கண்ணைத் திறந்தால் வாசலில் ஆர்மினின் மனைவி செரேனா, கையில் ஈரக் குடையோடு. நான் குனிந்து நிமிரும் வரைக்கும் காத்திருந்தாள். அப்புறம் கணவனைப் பார்த்து, "சூப் ஆறுது, வாங்க" என்றாள். என்னைப் பார்க்கவில்லை.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்தொன்பதில் சட்டம் வந்தது. யூதர் எழுதியது மேடை ஏற முடியாது. கலைஞர் சங்கத்தின் சீட்டு இருந்தால்தான் எழுதலாம், அந்தச் சீட்டு அவர்களுக்குக் கிடையாது. முப்பது வருடமாகப் பாஸ்தோயி என்று இருந்தவரின் காகிதங்களைத் தோண்டி, அப்பன் பெயர் பொல்லாக், யூதன் என்று எடுத்து நீட்டினார்கள். சுவரொட்டியிலிருந்து அவர் போய்விட்டார். பெலிகானில் அவருடைய மேசையில் ஒரு தபால் அதிகாரி உட்கார்ந்துகொண்டார்.

நாற்பத்தொன்றில், வசந்த காலத்தில், ஒரு காலை ஆர்மின் என் வீட்டுக்கு வந்தார். கையில் காய்கறிப் பை. வெங்காயத்தாளுக்கு அடியில் ஒரு கட்டு இசைத்தாள்.

"வெந்தெல், உன் ஞானஸ்நானச் சீட்டு எத்தன தலைமுறைக்குச் சுத்தம்?"

"எங்க கொள்ளுத்தாத்தா காலத்துல இருந்து எல்லாரும் பன்னி மேய்ச்சவங்க மாஸ்டர். அதவிடச் சுத்தம் வேணுமா?"

"போதும். அப்ப நீ ஒரு ஆப்பரெட்டா எழுதியிருக்க. வாழ்த்துகள்."

அப்போது ஊரில் இது நடந்துகொண்டுதான் இருந்தது. நல்ல காகிதம் வைத்திருக்கிறவன் பெயரைக் கொடுப்பான், எழுதியவர் இருட்டில் இருப்பார். பிடிபட்டால் இரண்டு பேருக்கும் ஜெயில்.

"உங்க மேல உயிரையே வெச்சிருக்கிறவங்க எத்தன பேர் இருக்காங்க. என்கிட்ட ஏன் வந்தீங்க?" என்று கேட்டேன்.

"அதனாலதான். என்னப் பிடிச்சவன் ரெண்டு கிளாஸ் உள்ள போனா பெருமையா உளறிடுவான். நீ என் பேர நல்லதுக்கு எடுக்கவே மாட்ட."

எனக்குச் சுருக்கென்றது. ஆனாலும் சரி என்றேன். அவர் மேல் இரக்கப்பட்டு என்று சொன்னால் அது பச்சைப் பொய். இருபது வருடம் குழியின் இருட்டில் உட்கார்ந்தவனுக்குச் சுவரொட்டியில் பெயர் வருகிறது என்றால் நாக்கில் நீர் ஊறும். அவ்வளவுதான்.

மூன்று வாரம் என் சமையலறையில் உட்கார்ந்து எல்லாவற்றையும் என் கையெழுத்தில் பிரதி எடுத்தேன். ஒரு தாள் முடிந்ததும் அவருடைய தாளை அடுப்பில் போட வேண்டும் என்று நான்தான் கண்டிப்பாகச் சொன்னேன். அவரே போட்டார். எரிகிற தாளில் இருக்கிற பகுதியை முணுமுணுத்துக்கொண்டே போடுவார். இரண்டாம் அங்கத்து வால்ட்ஸ் நடன இசை வந்தபோது கை நின்றது.

"இந்த ஒரு தாள மட்டும் செரேனாகிட்ட குடுத்து வெக்கட்டுமா? மாவு டப்பாக்குள்ள வெச்சிருப்பா."

"ஒரு தாளும் கூடாது மாஸ்டர். உங்களோட நானும் களி திங்கவா?"

போட்டார். நன்றாக எரிந்தது.

'மழை இல்லாத ஞாயிறு' செப்டம்பரில் மேடை ஏறியது. பிய்த்துக்கொண்டு ஓடியது. முதல் நாள் ஜனம் கத்தியபோது நான் படியேறிப் போய் மரக்கட்டை மாதிரி நின்று தலையை ஆட்டினேன். மறுநாள் பத்திரிகையில், 'மண்ணின் மைந்தனுக்கே உரிய தன்னடக்கம்' என்று எழுதினார்கள். ஆர்மின் தியேட்டர் பக்கமே வரவில்லை. பால்காரன் வால்ட்ஸைச் சீட்டியடித்துக்கொண்டு மாடி ஏறியதில்தான் ஓடுகிறது என்று தெரிந்துகொண்டாராம்.

ஐம்பதாவது நாள் நெருங்கியபோது மறுபடி வந்தார்.

"ஒரே ஒரு வாட்டி கேக்கணும். மேல்மாடத்துல, தூணுக்குப் பின்னாடி. மூச்சுகூட விட மாட்டேன்."

"வரக் கூடாது."

"வெந்தெல், நான் எழுதினத நான் இன்னும் கேக்கல."

"வராதீங்கன்னா வராதீங்க."

வந்தார். அன்று நான்தான் கோல் பிடித்து நடத்தினேன். காதலர்கள் பிரிந்தார்கள், ஜனம் அழுதது, திரை இறங்கியது. "எழுதினவர் வரணும்! எழுதினவர் வரணும்!" தியேட்டரே அதிர்ந்தது. நான் கோலை வைத்துவிட்டு, கைக்குட்டை எடுத்து நெற்றியைத் துடைத்தேன். கொஞ்சம் கத்தட்டும் என்று வேண்டுமென்றே மெதுவாகத் துடைத்தேன். அந்த நேரத்தில் மேல்மாடத்தில் முன்வரிசையில் ஒருவர் எழுந்து நிற்பதைப் பார்த்தேன். வலது கை நெஞ்சில். இடது கை பின்னால், கோட்டு வாலில். இடப்பக்கம் ஒன்று. வலப்பக்கம் ஒன்று. முகம் நிமிர்ந்தது, கண் மூடியது.

கீழே இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். சிலர் சிரித்தார்கள். யாரோ ஒருவர் பழைய ரசிகர் போல, "அட, நம்ம பாஸ்தோயி!" என்று உரக்கச் சொன்னார். ஆர்மின் கண்ணைத் திறந்தார். தான் எங்கே நிற்கிறோம் என்று அப்போதுதான் அவருக்குப் புரிந்தது. முகம் சுண்ணாம்பு மாதிரி ஆகிவிட்டது. மூன்றாவது வணக்கம் பாதியில் நின்றது.

அன்று பக்கவாட்டு மாடத்தில் கலைஞர் சங்கத்தின் ஆள் உட்கார்ந்திருந்தார். டாக்டர் கார்பாதி. வக்கீல் படிப்பு, மெல்லிய குரல், யாரையும் மரியாதை குறைத்துப் பேச மாட்டார். ஐந்து நிமிடத்தில் ஆர்மினை மேலாளர் ரேதெயின் அறைக்குக் கூட்டி வந்தார்கள். என்னையும் கூப்பிட்டார்கள். ரேதெய்க்கு எல்லாம் தெரியும். அவர் தன் மேசைக்குப் பின்னால் நின்று, கிளாஸ் வைத்திருந்த தட்டை நகர்த்தி நகர்த்தி வைத்துக்கொண்டிருந்தார்.

"உக்காருங்க, பாஸ்தோயி. பொல்லாக்னு சொல்லணுமோ?" என்றார் கார்பாதி. "ஜனங்க எழுதினவரக் கூப்பிட்டாங்க. நீங்க எதுக்கு எந்திரிச்சீங்க?"

ஆர்மின் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். வாயைத் திறந்தார். அந்த முகத்தை எனக்குத் தெரியும். மற்ற விஷயத்தில் பொய் சொல்லுவார், இசையில் சொல்ல வராது. இன்னும் ஒரு நொடி விட்டால் உண்மை வெளியே வந்துவிடும்.

நான் முந்திக்கொண்டேன். "டாக்டர் அய்யா, இது ஊருக்கே தெரிஞ்ச கூத்து. பெலிகான்ல யார வேணா கேளுங்க. தட்டு விழுந்தாக்கூட இந்தாளு எந்திரிச்சுக் கும்பிடுவாரு. மறை கழண்டு வருஷக்கணக்காச்சு."

"ஆமா ஆமா," என்றார் ரேதெய். "பாவம், கேஸு முத்திப்போச்சு."

கார்பாதி என்னைப் பார்த்தார், ஆர்மினைப் பார்த்தார். "அப்படியா?" என்றார். மேசைக்குப் போய், ஒற்றை விரலால் தட்டை விளிம்பு வரைக்கும் தள்ளினார். இன்னும் கொஞ்சம் தள்ளினார். ஆறு கிளாஸும் தரையில் விழுந்து சிதறின.

ஆர்மின் உட்கார்ந்தபடியே இருந்தார். கார்பாதியின் புருவம் மெல்ல உயர்ந்தது.

"சத்தம் மட்டும் பத்தாதுங்க," என்றேன். "கூப்பிடணும்."

கூப்பிட்டேன். பெலிகானில் கூப்பிடுகிற அதே குரலில், அதே சுருதியில். "எழுதினவர் வரணும்!"

ஆர்மின் தலையைத் திருப்பி என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் நான் இன்று கொஞ்சம் நிம்மதியாகத் தூங்குவேன். கோபம் இல்லை. ஒரு கணக்கு மட்டும் ஓடியது: எழாவிட்டால் இரண்டு பேருக்கும் ஜெயில், எழுந்தால் இனி ஜென்மத்துக்கும் பைத்தியம். தொப்பியை நாற்காலியில் வைத்தார். எழுந்தார். கண்ணாடித் துண்டுகள் மேல் நின்று இடப்பக்கம் வணங்கினார், வலப்பக்கம் வணங்கினார், முகத்தை நிமிர்த்திக் கண்ணை மூடி, ரேதெயின் அறைக் கூரைக்கு மூன்றாவது வணக்கத்தையும் போட்டார்.

கார்பாதி முதலில் புன்னகைத்தார். அப்புறம் சிரித்தார். அப்புறம் கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார். "இன்னொரு வாட்டி," என்றார். உடைக்க எதுவும் இல்லாததால் சாம்பல் கிண்ணத்தைக் கையால் தட்டினார். நான் கூப்பிட்டேன். கதவைத் திறந்து, நடையில் நின்ற நடிகைகளை உள்ளே கூப்பிட்டார். நான் கூப்பிட்டேன். ஆறு தடவை. ஆறாவதில் ஆர்மினுக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது, ஆனாலும் குனிந்தார்.

இடைவேளை முடிந்து மணி அடித்தது. எங்கள் கதைகளில் மூன்றாம் அங்கத்தில் ஒரு கிழட்டுக் கோமாளி வந்து பிரிந்தவர்களைச் சேர்த்துவைப்பான். நான் குழிக்கு இறங்கிப் போய் அதை நடத்திக் கொடுத்தேன்.

மறுநாள் மதியத்துக்குள் புடாபெஸ்ட் நகரத்துக் காபி விடுதி ஒன்று விடாமல் கதை பரவிவிட்டது. யாரோ எழுதிய இசைக்கு எழுந்து கும்பிட்ட கிறுக்கன். தெருவில் போகிறவர்கள் அவரைப் பார்த்தால் சாவிக்கொத்தைக் கீழே போடுவார்கள். ஒரு வாரம் கழித்து சந்தையில், முட்டைக்கோஸ் கடைப் பக்கம், அவரைப் பார்த்தேன். நான் கண்டும் காணாமல் நழுவப் பார்த்தேன். அவர்தான் நிறுத்தினார்.

"நல்லா கத்தின வெந்தெல். சுருதி கச்சிதமா இருந்துது."

"மாஸ்டர், வேற வழி இல்ல."

"தெரியும். நானும்தான எந்திரிச்சேன்." முட்டைக்கோஸ் ஒன்றை எடுத்து அழுத்திப் பார்த்துவிட்டுத் திரும்ப வைத்தார். "இதெல்லாம் ஒரு நாள் முடியும். அப்ப என் பேரப் போட்ரு. பெரிய எழுத்துல வேணாம், உன் பேரு சைஸே போதும். போடுவியா?"

"சத்தியமா போடுவேன்."

நாற்பத்துநான்கு நவம்பரில் மற்ற யூதர்களோடு சேர்த்து அவரையும் ஜெர்மானியர்களின் முகாமுக்குக் கொண்டுபோனார்கள். ஐம்பத்தெட்டு வயது. வாழ்நாள் முழுக்கத் தன் இசை வியன்னாவுக்குப் போக வேண்டும் என்று ஆசைப்பட்டவரை வியன்னா சாலையில் மழையில் நடத்திக்கொண்டு போனார்கள். திரும்பி வந்த ஒருவன் செரேனாவிடம் சொன்னது இவ்வளவுதான்: கொன்யூ என்ற ஊர்ப் பக்கத்தில் ஆற்றங்கரையில் உட்கார்ந்தார். காவல்காரர்கள் எழுந்திரு, எழுந்திரு என்று கத்தினார்கள். அந்த ஒரு தடவைதான் அவர் எழவில்லை.

நாற்பத்தேழில் ரேதெய் 'மழை இல்லாத ஞாயிறு'வை மறுபடி மேடை ஏற்றினார். செரேனா என் வீட்டுக்கு வந்தாள், அந்தப் பழைய சமையலறைக்கே. அடுப்பைப் பார்த்தாள்.

"சொல்லிடுவீங்கல்ல?"

சொன்னேன். முதலில் ரேதெயிடம். "உனக்கு இப்ப எதுக்குப்பா இந்த வேல? ஜெயிலுக்குத் தப்ப நம்ம ரெண்டு பேரும் சேந்து அவரப் பைத்தியக்காரனாக்கின கதையும் அதோட வெளிய வரும். வாய மூடிட்டு இரு," என்றார். எழுதுகிறவர்கள் பெயரைப் பதிவு செய்கிற அலுவலகத்துக்குப் போனேன். மூலப் பிரதி யார் கையெழுத்து என்று கேட்டார்கள். என்னுடையது. அவர் எழுதிய தாள் ஒன்றாவது? எரித்தாகிவிட்டது. சாட்சி? ரேதெய், அவர் மறுக்கிறார். குமாஸ்தா பேனாவை வைத்துவிட்டு என் கையைப் பிடித்தான். "அந்த விதவைக்கு ஒத்தாசை பண்ணணும்னு நெனைக்கிறீங்க, பெரிய மனசு. ஆனா யாரு, அந்தத் தட்டு விழுந்தா எந்திரிக்கிற ஆர்மினா? அவரா இத எழுதினாரு?" சிரித்தான். குழுவில் சொன்னேன். செல்லோக்காரன் என்னைக் கட்டிப்பிடித்து, கெட்ட காலம் உன்னை நல்லவனாக்கிவிட்டது என்றான்.

நான் அவரைக் காப்பாற்றச் சொன்ன பொய்யை ஊரே நம்பிவிட்டது. உண்மையைச் சொன்னால் அது என் தயாள குணமாகிறது. மூன்று இடத்தில் சொன்னேன். நல்லவனாக இருந்தால் நான்காவது இடத்துக்கும் போயிருப்பான், பத்திரிகைக்குப் போயிருப்பான், ரேதெயின் கழுத்தைப் பிடித்திருப்பான். நான் சோர்ந்துபோய் வீட்டுக்கு வந்துவிட்டேன். சுவரொட்டி என் பெயரோடுதான் வந்தது.

செரேனாவிடம் போய்ச் சொன்னேன். அவள் அழவில்லை.

"முதல் நாள் கூப்பிடுவாங்கல்ல?"

"கூப்பிடுவாங்க. நான் போகப் போறதில்ல."

"போங்க. கூப்பிட்டு யாரும் வரலன்னா அடுத்த வாட்டி கூப்பிட மாட்டாங்க. அத அவர் தாங்க மாட்டார். நான் மேல்மாடத்துல இருப்பேன்."

முதல் நாள் வந்தது. காதலர்கள் பிரிந்தார்கள். குண்டு விழுந்து ஒட்டுப் போட்ட கூரைக்குக் கீழே ஜனம் முன்னைவிட அதிகமாக அழுதது. "எழுதினவர் வரணும்!" நான் நான்கு படி ஏறினேன். அவருக்கு அவர் பெயரைக் கொடுக்க என்னால் முடியவில்லை, அவருடைய வணக்கத்தையாவது கொடுக்கலாம் என்று முடிவு செய்திருந்தேன். என் உடம்புக்கு அது மனப்பாடம். பதினைந்து வருடம் கேலி செய்து பழகியது.

வலது கையை நெஞ்சில் வைத்தேன். இடது கையால் கோட்டு வாலைப் பிடித்தேன். இடப்பக்கம் குனிந்தேன். குழியிலிருந்து செல்லோக்காரன் முதலில் சிரித்தான். "டேய், வெந்தெல் ஆர்மினப் போடுறான்டா!" வலப்பக்கம் குனிந்தேன். திரைக்குப் பின்னால் நடிகர்கள் சிரிப்பது கேட்டது. கதை தெரிந்த பழைய ஜனம் பக்கத்தில் இருப்பவர்களிடம் சொல்ல, சிரிப்பு வரிசை வரிசையாக மேலே ஏறியது. யாரோ ஒரு ஆள் சாவிக்கொத்தைத் தரையில் போட்டான். கைதட்டல் வந்தது, அந்தத் தியேட்டரில் நான் கேட்டதிலேயே பெரிய கைதட்டல்.

மூன்றாவதற்கு முகத்தை நிமிர்த்தினேன். ஆர்மின் அங்கே கண்ணை மூடுவார். நான் மூடவில்லை. செரேனா மேல்மாடத்தில் எழுந்து, கருப்புக் கையுறையைப் போட்டுக்கொண்டிருந்தாள். சிரிக்கிறவர்களின் முழங்கால்களைத் தாண்டித் தாண்டி வாசலைப் பார்த்துப் போனாள். அன்று பெலிகான் வாசலில் ஈரக் குடையோடு நின்று பார்த்ததையே இன்றும் பார்த்ததாக நினைத்துவிட்டாள். குனிந்த தலையை நான் நிமிர்த்துவதற்குள் கதவு சாத்திக்கொண்டது.

அதன்பிறகு அவளுக்கு இரண்டு கடிதம் எழுதினேன். இரண்டும் பிரிக்காமல் திரும்பி வந்தன.